1918 காய்ச்சலைத் தேதி தேதியாகப் படிக்க ஓர் ஆவணத் தொகுப்பு: ஒரு செவிலியரின் மதிப்புரை

1918-ஆம் ஆண்டு இன்ஃப்ளூயன்சாவைப் பற்றி எங்கே படிக்கலாம் என்று பயிற்சிச் செவிலியர்கள் என்னிடம் கேட்பதுண்டு. இப்போதெல்லாம் தயங்காமல் ஒன்றைத்தான் சொல்கிறேன்: மிச்சிகன் பல்கலைக்கழகத்தின் மருத்துவ வரலாற்று மையம் உருவாக்கிய இணைய ஆவணத் தொகுப்பு. முழுப்பெயர் நீளமானது, ‘1918–1919 அமெரிக்க இன்ஃப்ளூயன்சா கொள்ளைநோய்’ என்ற பொருளில் ஆங்கிலத்தில் தொடங்கும். இன்ஃப்ளூயன்சா என்சைக்ளோபீடியா என்று தேடினாலே வந்துவிடும். அமெரிக்காவின் 50 நகரங்களை எடுத்துக்கொண்டு, ஒவ்வொன்றிலும் காய்ச்சல் எப்படி நுழைந்தது, யார் என்ன உத்தரவு போட்டார்கள், எப்போது தளர்த்தினார்கள் என்று தனித்தனிக் கட்டுரையாக எழுதியிருக்கிறார்கள். அந்தக் கட்டுரைகளுக்கு ஆதாரமான நாளிதழ்ச் செய்திகள், கடிதங்கள், சுகாதாரத் துறை அறிக்கைகள் என 16,000-க்கும் மேற்பட்ட ஆவணங்கள் கூடவே இருக்கின்றன. காசு கிடையாது. மருத்துவ வரலாற்றாசிரியர்கள் ஹோவர்ட் மார்க்கெலும் அலெக்சாண்டர் நவாரோவும்தான் தலைமைப் பதிப்பாசிரியர்கள்.

உலகத்தில் மூன்றில் ஒருவருக்குத் தொற்று, சுமார் 5 கோடிச் சாவு, அமெரிக்காவில் மட்டும் 6,75,000 என்ற கணக்குகள் எல்லாப் பாடப்புத்தகத்திலும் இருக்கின்றன. வகுப்பில் அவற்றைச் சொன்னால் மாணவிகள் குறித்துக்கொள்வார்கள், அதோடு சரி. செத்தவர்களை எண்ணி முடித்த பிறகு வந்த கணக்கு அது. காய்ச்சல் ஊருக்குள் வந்த வாரத்தில் அந்தக் கணக்கு ஒருவர் கையிலும் இல்லை. சுகாதார அதிகாரியின் மேசையில் இருந்ததெல்லாம் நேற்று எத்தனை பேர் மருத்துவமனையில் சேர்ந்தார்கள், பக்கத்து ஊரிலிருந்து வந்த தந்தி என்ன சொல்கிறது என்பது மட்டும்தான். அந்த அரைகுறைத் தகவலோடு அவர் பள்ளியை மூட வேண்டுமா வேண்டாமா என்று முடிவெடுத்தாக வேண்டும். வார்டில் இரவுப் பணி பார்த்தவர்களுக்கு இந்த நிலைமை நன்றாகத் தெரியும். இந்தத் தொகுப்பு என்னைக் கட்டிப்போட்டதற்குக் காரணம் இதுதான்: அன்றைய தேதியில் அவர்களுக்கு என்ன தெரிந்திருந்ததோ, அந்த இடத்திலேயே நம்மை நிற்க வைக்கிறது.

அதனால் கட்டுரையை மட்டும் படித்துவிட்டு எழுந்து போகாதீர்கள். ஒரு நகரத்தைத் தேர்ந்தெடுத்து, அதன் நாளிதழ்ச் செய்திகளைத் தேதி வரிசையில் படியுங்கள். நான் எல்லோரையும் பிலடெல்ஃபியாவில்தான் தொடங்கச் சொல்வேன்.

1918 செப்டம்பர் முதல் வாரம், போஸ்டனிலிருந்து வந்த கடற்படை வீரர்களோடு காய்ச்சல் பிலடெல்ஃபியாவின் கடற்படைத் தளத்துக்குள் வருகிறது. மாத நடுவில் பொதுமக்களிடமும் தென்படுகிறது. நகரத்தின் பொதுச் சுகாதார இயக்குநர் வில்மர் க்ரூசன், இது வழக்கமான காய்ச்சல்தான், கட்டுக்குள் இருக்கிறது என்கிற தொனியிலேயே பேசுகிறார். செப்டம்பர் 28-ஆம் தேதி போர்க் கடன் பத்திரம் விற்பதற்காகப் பெரிய ஊர்வலம் ஏற்பாடாகியிருக்கிறது. கூட்டம் கூட்டக் கூடாது என்று எச்சரித்த மருத்துவர்களும் இருந்தார்கள். ஊர்வலம் நடந்தது. தெருவின் இரண்டு பக்கமும் 2 லட்சம் பேர் நின்று பார்த்தார்கள் என்கிறார்கள்.

இந்த இடத்தில் ஒரு செவிலியரின் மூளை தானாகக் கணக்குப் போட ஆரம்பித்துவிடும். இன்ஃப்ளூயன்சா உடம்புக்குள் போய் அறிகுறி காட்ட ஒன்றிலிருந்து மூன்று நாள். அப்படியென்றால் அக்டோபர் ஒன்றாம் தேதி வாக்கில் படுக்கைகள் நிரம்ப வேண்டும். நிரம்பின. அக்டோபர் 3-ஆம் தேதி மூடும் உத்தரவுகள் வரத் தொடங்குகின்றன. தியேட்டர், மதுக்கடை, பள்ளி, தேவாலயம் எல்லாம் அடைபடுகின்றன. தும்பை விட்டு வாலைப் பிடித்த கதைதான். அக்டோபர் 10-ஆம் தேதி ஒரே நாளில் 759 பேர் இறந்தார்கள். அந்த இலையுதிர் காலத்தில் அந்த ஒரு நகரம் இழந்தது 12,000-க்கும் அதிகமானவர்களை.

இதுவரை சொன்னது கட்டுரையிலேயே கிடைத்துவிடும். செய்திகளைப் படிக்கும்போதுதான் ஊர் எப்படி முடங்கியது என்பது புரிகிறது. தொலைபேசி விஷயத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அந்தக் காலத்தில் ஒவ்வொரு அழைப்பையும் இணைப்பகத்தில் ஒரு பெண் உட்கார்ந்து கையால் இணைக்க வேண்டும். அந்தப் பெண்கள் இருபது, இருபத்தைந்து வயதுக்காரர்கள். இந்தக் காய்ச்சல் குறிவைத்த வயதும் அதுவேதான். மற்ற வருடங்களில் இன்ஃப்ளூயன்சா கைக்குழந்தைகளையும் முதியவர்களையும் கொண்டுபோகும். 1918-இல் 20-இலிருந்து 40 வயதுக்குள் இருந்தவர்கள் அவர்களுக்கு இணையாகச் செத்தார்கள். இணைப்பகத்துப் பெண்கள் படுத்துவிட்டதால், மிக அவசியம் இருந்தால் மட்டும் பேசுங்கள் என்று தொலைபேசி நிறுவனம் அறிவித்தது. மருத்துவரைக் கூப்பிட ஆள் வேண்டும், கூப்பிட்டால் இணைக்க ஆள் வேண்டும், இணைத்தால் மறுமுனையில் மருத்துவர் நிற்கக்கூடிய நிலையில் இருக்க வேண்டும். இந்த மூன்று கண்ணியும் ஒரே வாரத்தில் அறுந்தன. கன்னியாஸ்திரீகள் மடத்திலிருந்து வெளியே வந்து நோயாளிகளைப் பார்த்தார்கள். குருமட மாணவர்கள் சவக்குழி தோண்டினார்கள்.

பிலடெல்ஃபியாவை முடித்த கையோடு செயின்ட் லூயிஸ் நகரத்தைத் திறக்க வேண்டும். அங்கே சுகாதார ஆணையர் மேக்ஸ் ஸ்டார்க்லாஃப் என்ற மருத்துவர். கிழக்குக் கரையிலிருந்து வரும் செய்திகளைப் பார்த்துவிட்டு, ஊருக்குள் காய்ச்சல் வருவதற்கு முன்பே, சந்தேகமான நோயாளி இருந்தால் தகவல் கொடுங்கள் என்று மருத்துவர்களைக் கேட்டுக்கொண்டார். அக்டோபர் தொடக்கத்தில் முதல் நோயாளிகள் தெரிந்தார்கள். 7-ஆம் தேதியே மேயரிடம் அதிகாரம் வாங்கிக்கொண்டு பள்ளி, தியேட்டர், தேவாலயம், பொதுக்கூட்டம் அனைத்தையும் மூடும் முடிவை எடுத்துவிட்டார். எதிர்ப்பு இல்லாமல் இல்லை. சாவு இன்னும் பெருகாத ஊரில் கடையை மூடச் சொன்னால் யார்தான் கேட்பார்கள்?

தேதியை மட்டும் வைத்துப் பார்த்தால் ஒரு ஊர் அக்டோபர் 3, இன்னொரு ஊர் அக்டோபர் 7. பிலடெல்ஃபியா முந்திக்கொண்டது போலத் தெரியும். ஆனால் ஊருக்குள் நோய் வந்து எத்தனை நாள் ஆனது என்று பார்க்க வேண்டும். அங்கே இரண்டு வாரத்துக்கு மேல், இங்கே சில நாட்கள். 1918 செப்டம்பரிலிருந்து 1919 பிப்ரவரி வரை, வழக்கமாக இறப்பவர்களுக்கு மேலாக இறந்தவர்கள் லட்சத்துக்கு 748 பேர் பிலடெல்ஃபியாவில், 358 பேர் செயின்ட் லூயிஸில். இந்தக் கணக்கு மார்க்கெல் குழு 2007-இல் அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் இதழில் வெளியிட்ட ஆய்விலிருந்து. 43 நகரங்களை 24 வாரங்களுக்குப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்கள். சீக்கிரம் தொடங்கி, பல தடைகளை ஒரே சமயத்தில் போட்டு, நீண்ட நாள் விடாமல் வைத்திருந்த ஊர்களில் சாவு குறைவு. அந்த ஆய்வுக்காகத் தேடிச் சேர்த்த காகிதங்கள்தான் பிறகு இந்தத் தொகுப்புக்கு அடித்தளமாயின. ஆய்வின் முடிவைக் கேட்பது ஒன்று. அது எந்தச் செய்தித்தாளின் எந்தப் பத்தியிலிருந்து வந்தது என்று நாமே போய்ப் பார்க்க முடிவது வேறு. இவ்வளவு வெளிப்படையாக அடுப்படியைத் திறந்து காட்டும் ஆராய்ச்சியாளர்கள் குறைவு, அதற்காகவே இவர்கள் மேல் எனக்குப் பெரிய மரியாதை.

செயின்ட் லூயிஸ் கதையை நல்லபடியாக முடிந்த கதை என்று மட்டும் சொல்லிவிட்டுப் போகிறவர்கள் உண்டு. தொகுப்பில் நவம்பருக்குப் பிந்தைய செய்திகளையும் படியுங்கள். தடைகள் தளர்ந்ததும் காய்ச்சல் மறுபடி ஏறுகிறது, ஊர் மறுபடி மூடிக்கொள்கிறது. டென்வரில் இது இன்னும் கடுமை. நவம்பர் 11, போர் முடிந்த நாள், தடையும் விலகியது, ஜனங்கள் தெருவில் கூடி ஆடிப்பாடினார்கள். அந்த மாதக் கடைசிக்குள் நோய் எகிறியது. மறுபடி மூட உத்தரவு வந்தபோது தியேட்டர்காரர்கள் கொதித்தெழுந்து அதை மாற்றவும் வைத்தார்கள். ஒரே குளிர்காலத்தில் இரண்டு உச்சம். காய்ச்சல் இறங்கியதும் மருந்தை நிறுத்திவிட்டு வேலைக்குப் போய், நான்காம் நாள் மறுபடி வந்து நிற்கும் நோயாளியை எத்தனை பேரைப் பார்த்திருப்போம்!

சான் பிரான்சிஸ்கோவின் முகக்கவசக் கதைதான் மாணவிகளுக்கு மிகவும் பிடித்த பகுதி. அக்டோபர் இறுதியில் அங்கே முகக்கவசம் கட்டாயமானது. கவசம் என்றால் இன்றைய மாதிரி வடிகட்டி வைத்தது கிடையாது, காயத்துக்குக் கட்டுகிற காஸ் துணியை மடித்து மூக்கையும் வாயையும் மூடிக் கட்டிக்கொள்வது. செஞ்சிலுவைச் சங்கம் 10 சென்டுக்கு விற்றது. போடாதவர்களைப் போலீஸ் பிடித்து அபராதம் விதித்தது. ஒரு குத்துச்சண்டைப் போட்டியில் மேயரும், சட்டத்துக்கு மூளையாக இருந்த சுகாதார அதிகாரி வில்லியம் ஹாஸ்லரும் முகக்கவசம் இல்லாமல் புகைப்படத்தில் சிக்கி, அவர்களும் தண்டம் கட்டினார்கள். நவம்பர் 21 நண்பகல் விசில் ஊதியதும் ஊரே கவசத்தைக் கழற்றித் தெருவில் எறிந்தது. ஜனவரியில் காய்ச்சல் திரும்பியபோது மறுபடி கட்டாயம் என்றார்கள். இந்த முறை முகக்கவச எதிர்ப்புச் சங்கம் என்றே ஒன்று கிளம்பி, ஜனவரி 25-ஆம் தேதி பெரிய கூட்டமே போட்டது. பிப்ரவரி 1-இல் உத்தரவு விலகியது.

இவ்வளவு செய்தும் சான் பிரான்சிஸ்கோவின் கணக்கு லட்சத்துக்கு 673. இந்த எண்ணைக் காட்டி, முகக்கவசமே வீண் என்று முடிவு கட்டுகிறவர்களோடு நான் ஒத்துப்போக மாட்டேன். தொகுப்பில் இருக்கும் செய்திகளைப் பொறுமையாகப் பாருங்கள். எவ்வளவு தளர்வான துணி, எத்தனை பேர் அதைக் கழுத்தில் தொங்கவிட்டார்கள், கவசம் இருக்கிறதே என்ற தைரியத்தில் மற்ற எதையெல்லாம் கைவிட்டார்கள் என்று ஒவ்வொன்றாகத் தெரியவரும். ஒரு நகரத்தின் ஒற்றை எண் இதில் எதையும் சொல்லாது.

நியூயார்க் வேறு வழியில் போனது. சுகாதார ஆணையர் ராயல் கோப்லண்ட் பள்ளிகளை மூடவில்லை. குழந்தைகள் சுகாதாரப் பிரிவின் தலைவர் டாக்டர் ஜோசஃபின் பேக்கரும் அதே கருத்து. வீடு என்பது காற்றில்லாத, ஏழெட்டுப் பேர் அடைந்து கிடக்கிற ஒற்றை அறை. பள்ளியிலோ காற்றும் வெளிச்சமும் இருக்கிறது, தினமும் காலையில் பிள்ளைகளைப் பரிசோதிக்க ஆளும் இருக்கிறது. அதோடு எல்லோரும் ஒரே நேரத்தில் ரயிலில் நெருக்கியடிக்காமல் இருக்க கடைகளுக்கும் அலுவலகங்களுக்கும் வெவ்வேறு நேரம் ஒதுக்கினார்கள். லட்சத்துக்கு 452 என்ற கணக்கில் நியூயார்க் நின்றது, பிலடெல்ஃபியாவையும் 710 என்று நின்ற போஸ்டனையும் விட எவ்வளவோ மேல். பள்ளிச் செவிலியர் என்ற பதவியை நியாயப்படுத்த எனக்கு இதைவிட நல்ல ஆதாரம் கிடைத்ததில்லை. ஒன்றையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்: அப்படிப் பரிசோதிக்கும் ஏற்பாடு நியூயார்க்கில் ஏற்கெனவே இருந்தது. அது இல்லாத ஊர் நியூயார்க்கைப் பார்த்துப் பள்ளியைத் திறந்து வைத்திருந்தால் பலன் வேறாக இருந்திருக்கும்.

இனி என் மனக்குறை. செவிலியர்கள் இந்தச் செய்திகளில் எல்லா இடத்திலும் இருக்கிறார்கள், ஆனால் பேசுவதில்லை. செவிலியர் தேவை என்ற வேண்டுகோள் ஊருக்கு ஊர், நாளுக்கு நாள் வருகிறது. பயிற்சி பெற்றவர்களில் பெரும்பகுதி போருக்கும் ராணுவ முகாம்களுக்கும் போயிருந்தார்கள். மிஞ்சியவர்களை வைத்துக்கொண்டு நியூயார்க்கில் லில்லியன் வால்ட் என்ற செவிலியர் அவசரக் குழு ஒன்றை அமைத்து, வீடு வீடாகப் போகும் செவிலியர்களை ஒருங்கிணைத்தார். ஆன்டிபயாட்டிக் இல்லாத காலம். வைரஸ் நுரையீரலைப் புண்ணாக்கிவிட்டுப் போக, பின்னால் வந்த பாக்டீரியா நிமோனியாதான் பலரைக் கொன்றது. முகம் நீலம் பாய்ந்துவிட்டால் மருத்துவரிடம் கொடுப்பதற்கு ஒன்றும் இருக்கவில்லை. அப்போது பிழைக்க வைத்ததெல்லாம் வாயில் சொட்டுச் சொட்டாக நீர் கொடுத்தது, நனைந்த துணியை மாற்றியது, புரட்டிப் படுக்க வைத்தது, ஜன்னலைத் திறந்து வைத்தது, கூடவே உட்கார்ந்து மூச்சை எண்ணியது. செவிலியரின் வேலைதான் அன்றைக்கு வைத்தியம். இதைச் செய்தவர்களின் நாட்குறிப்போ கடிதமோ இந்தத் தொகுப்பில் இன்னும் நிறைய வேண்டும். நாளிதழ்களை முதுகெலும்பாகக் கொண்ட தொகுப்பில் அதிகாரிகளின் குரல்தான் ஓங்கும், அது இயல்பு. இருந்தாலும் எனக்கு ஆறவில்லை.

செவிலியர் பஞ்சத்தைப் பற்றிப் படிக்கும்போது இன்னொன்றையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பயிற்சி பெற்ற கறுப்பினச் செவிலியர்கள் இருந்தார்கள், வேலைக்குத் தயாராக இருந்தார்கள். ராணுவம் அவர்களைச் சேர்க்கவில்லை. காய்ச்சல் ஆட்டம் போட்டு ஓய்ந்து, போரும் முடிந்த பிறகு, 1918 டிசம்பரில்தான் 18 பேரை ராணுவச் செவிலியர் படையில் எடுத்தார்கள். அக்டோபரில் படுக்கைக்கு ஆள் இல்லாமல் செத்தவர்களை நினைத்தால் எனக்கு இன்றும் கோபம் வருகிறது.

அடுத்தது, இது அமெரிக்க நகரங்களின் தொகுப்பு மட்டுமே. அது குற்றமல்ல, பெயரிலேயே சொல்லிவிடுகிறார்கள். ஆனால் 1918-ஐ இதை வைத்து மட்டும் புரிந்துகொள்ள முடியாது. உலகச் சாவில் அமெரிக்காவின் பங்கு நூற்றில் ஒன்றுக்குச் சற்று மேல். இந்தியாவில் மட்டும் குறைந்தது 1 கோடியே 20 லட்சம் பேர் இறந்ததாக மதிப்பிடுகிறார்கள். 1911-க்கும் 1921-க்கும் இடைப்பட்ட கணக்கெடுப்பில் இந்தியாவின் மக்கள்தொகையே குறைந்தது, வேறெந்தப் பத்தாண்டிலும் அப்படி நடந்ததில்லை. சமோவாத் தீவுகளின் கதையும் இதில் இல்லை. 1918 நவம்பரில் ஆக்லாந்திலிருந்து வந்த தலுனே என்ற கப்பலை நியூசிலாந்து நிர்வாகம் மேற்கு சமோவாவில் இறங்க விட்டது. அந்தத் தீவில் ஐந்தில் ஒருவர் இறந்தார். பக்கத்திலேயே இருக்கும் அமெரிக்க சமோவாவில் ஆளுநர் ஜான் போயர் கப்பல்களைக் கட்டுப்படுத்தினார். அங்கே ஒரு சாவும் இல்லை.

அமெரிக்காவுக்குள்ளேயேகூட, நகரம் அல்லாத இடங்கள் இந்தத் தொகுப்பில் விடுபடுகின்றன. அலாஸ்காவின் ப்ரெவிக் மிஷன் என்ற சிற்றூரில் 1918 நவம்பரில் ஐந்து நாளில் 80 பெரியவர்களில் 72 பேர் இறந்தார்கள். உறைந்த மண்ணில் ஒரே குழியில் புதைத்தார்கள். 1951-இல் யோஹான் ஹுல்டின் என்ற ஆராய்ச்சியாளர் அங்கே போய்த் திசு எடுத்தும் வைரஸை வளர்க்க முடியவில்லை. 1997-இல், எழுபது வயதைக் கடந்து, மறுபடி போனார். ஊர்ப் பெரியவர்கள் அனுமதியோடு அங்கே எடுத்த நுரையீரல் திசுவின் உதவியால்தான் ஜெஃப்ரி டாபன்பெர்கர் குழு அந்த வைரஸின் மரபணு வரிசையை முழுமையாகப் படிக்க முடிந்தது. 2005-இல் அது வெளியானது. மருத்துவ விஞ்ஞானப் பக்கத்தைத் தேடுகிறவர்களுக்கு இந்தத் தொகுப்பு போதாது, அதை வேறிடத்தில்தான் படிக்க வேண்டும். 1918-இல் பல மருத்துவர்கள் ஃபைஃபர் பாசில்லஸ் என்ற பாக்டீரியாவைத்தான் காரணமாக நினைத்து அதற்குத் தடுப்பூசி தயாரித்துப் போட்டார்கள் என்பதையும், மனித இன்ஃப்ளூயன்சா வைரஸ் 1933-இல்தான் பிரித்தெடுக்கப்பட்டது என்பதையும் முன்கூட்டியே தெரிந்துகொண்டு உள்ளே போனால், அந்தக் காலத்துத் தடுப்பூசிச் செய்திகளைப் படிக்கும்போது குழம்ப மாட்டீர்கள்.

பயன்படுத்துவதைப் பற்றிச் சில வார்த்தை. எல்லாம் ஆங்கிலம். கட்டுரைகளின் மொழி எளிமையானது, பன்னிரண்டாம் வகுப்பு ஆங்கிலம் போதும். நாளிதழ்ப் பக்கங்கள் ஸ்கேன் செய்தவை, நூறு வருடத்து அச்சு, அதனால் ஃபோனில் படிக்காமல் பெரிய திரையில் படியுங்கள். கட்டுரையின் அடிக்குறிப்புகளைத் தாண்டிப் போகாதீர்கள், நல்ல சரக்கு அங்கேதான் இருக்கிறது.

வகுப்பில் சொல்லித் தருகிறவர்களுக்கு என் யோசனை: மாணவிகளை இரண்டு குழுவாகப் பிரித்து, ஒன்றுக்கு பிலடெல்ஃபியா, இன்னொன்றுக்கு செயின்ட் லூயிஸ் கொடுங்கள். செப்டம்பர் 15-இலிருந்து தொடங்கி ஒரு நேரத்தில் மூன்று நாள் செய்திகளுக்கு மேல் காட்டாதீர்கள். ஒவ்வொரு முறையும், நீங்கள் சுகாதார அதிகாரியாக இருந்தால் இன்று என்ன உத்தரவு போடுவீர்கள் என்று எழுதி வாங்குங்கள். அக்டோபர் 10 வரை போனால் போதும். அதன் பிறகு கட்டுரையைத் திறந்து காட்டுங்கள்.